வெள்ளித்திரையும் வெள்ளிப் பதக்கமும்

நாமக்கல் மாவட்டத்தில் முகில் தவழ நிற்பது கொல்லிமலை. கடல் மட்டத்திற்கு மேல் ஏறத்தாழ 1,000 முதல் 1,300 மீட்டர் வரை உயர்ந்த இம்மலையின்மீது வளப்பூர் நாடு, வாழவந்தி நாடு, திண்ணனூர் நாடு எனப் பல நாடுகள் உள்ளன. இங்கு நாடு என்பது பேரரசர் ஆண்ட பெருநிலப்பரப்பைக் குறிப்பதன்று. சிற்றூர்கள் சில சேர்ந்த தொகுதியையே குறிக்கும். சாமையும் மிளகும் பலாவும் அன்னாசியும் விளையும் இம்மலையைச் சங்கப் புலவர் இரண்டு சிறப்புகளால் போற்றினர். ஒன்று, வல்வில் ஓரியின் வள்ளன்மை. மற்றொன்று, கொல்லிப்பாவையின் எழில்.

தெய்வம் வகுத்ததாகக் கூறப்படும் அப்பாவை, காற்று மோதினும் மழை பொழியினும் நிலம் நடுங்கினும் தன் வடிவழகு கெடாதது என்பர் பழம்புலவர். உயிரற்ற உருவம் ஒன்று உயிருள்ளது போலத் தோன்றிக் காண்பார் உள்ளத்தைக் கவர்ந்தது என்பதே அக்கதையின் உட்பொருள். உருவத்திற்கு உயிர்ப்பு அளிக்கவேண்டும் என்னும் இவ்வேட்கை மக்களினத்திற்குப் பழமையானது. அதனை விஞ்ஞானத்தின் துணையால் நிறைவேற்றிய கலையே திரைப்படம் ஆகும்.

திரையில் ஓடும் குதிரை உண்மையில் ஓடுவதில்லை. ஒரு நொடிக்கு 24 அசையாப் படங்கள் ஒன்றன்பின் ஒன்றாக ஒளியின்முன் வந்து நின்று நகர்கின்றன. அவற்றைத் தனித்தனியே பிரித்தறிய இயலாத நம் கண்ணும் மனமும் அவற்றை ஒரே இயக்கமாகக் கொள்கின்றன. இம்முறையில் ஒரு நிமிடத்திற்கு 90 அடி நீளமுள்ள படச்சுருள் தேவைப்படும். இரண்டரை மணி நேரம் ஓடும் படமொன்றில் 13,500 அடிச் சுருளும், 2,16,000 தனிப்படங்களும் அடங்கியிருக்கும். அத்தனைக்கும் ஒளியும் நிழலும் ஒலியும் பொருந்த அமைப்பது எளிய செயலன்று.

இவ்வுழைப்பைப் போற்றும் வகையில் இந்திய அரசு 1954ஆம் ஆண்டில் திரைப்பட விருதுகளை ஏற்படுத்தியது. முந்திய ஆண்டில் வெளிவந்த படங்களுள் ‘சியாம்சி ஆயி’ என்னும் மராத்திப் படம் குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கத்தை முதலில் பெற்றது. அடுத்த ஆண்டு முதல் அந்தந்த மொழியில் சிறந்த படத்திற்கு வெள்ளிப் பதக்கம் வழங்கும் வழக்கம் தோன்றியது. தமிழில் அப்பதக்கத்தை முதலிற் பெற்றது 1954இல் வெளிவந்த ‘மலைக்கள்ளன்’ ஆகும்.

அப்படத்தின் மூலக்கதை கொல்லிமலையை அடுத்துள்ள வட்டாரத்திற் பிறந்த கவிஞர் ஒருவரின் படைப்பு என்பது நினைந்து மகிழத்தக்கது. 1888ஆம் ஆண்டில் மோகனூரிற் பிறந்த நாமக்கல் கவிஞர் வெ. இராமலிங்கம் பிள்ளையே அந்நாவலை இயற்றியவர். மு. கருணாநிதி உரையாடல் எழுத, எம். ஜி. இராமச்சந்திரனும் பானுமதியும் நடிக்க, எஸ். எம். ஸ்ரீராமுலு நாயுடு கோயம்புத்தூர்ப் பட்சிராஜா படநிலையத்தின் சார்பில் அதனை இயக்கினார். தெலுங்கு, இந்தி, கன்னடம், மலையாளம், சிங்களம் ஆகிய மொழிகளிலும் அக்கதை படமாயிற்று. நாவலில் பத்துப் பக்கத்தில் விரியும் செய்தியைத் திரையில் சில நொடியில் காட்டவேண்டும். ஒரு வரியில் முடிந்த செய்தியைச் சில வேளைகளில் ஒரு காட்சியாக வளர்க்கவேண்டும். இவ்வாறு சுருக்கவும் பெருக்கவும் அறிந்த திரைக்கதையே படத்திற்கு அடித்தளம்.

அதே 1954இல் வெளிவந்து தகுதிச் சான்றிதழ் பெற்ற மற்றொரு படம் ‘அந்த நாள்’. ஏ. வி. எம். நிறுவனத்தின் இப்படத்தை இயக்கியவர் எஸ். பாலச்சந்தர். பாடல்கள் நிறைந்திருப்பதே படத்திற்கு அழகு என்று கருதப்பட்ட காலத்தில், இவர் ஒரு பாடலும் இன்றிப் படமெடுக்கத் துணிந்தார். தாமே சிறந்த வீணைக் கலைஞராக இருந்தும் அவ்வாறு துணிந்ததே வியப்பு. சென்னைமீது சப்பானியர் குண்டு வீசிய 1943ஆம் ஆண்டைப் பின்னணியாகக் கொண்டது கதை. இளைஞன் ஒருவன் சுட்டுக் கொல்லப்படுகிறான். அவனைச் சூழ்ந்தோர் ஒவ்வொருவரும் தத்தம் நோக்கில் நடந்ததைக் கூற, உண்மை சிறிது சிறிதாக வெளிப்படுகிறது. பாடலால் ஊட்டவேண்டிய உணர்ச்சியை மாருதி ராவின் ஒளிப்பதிவு நிழலாலும் ஒளியாலும் ஊட்டியது. வேண்டாததை விலக்குவதும் கலையே என்பதை அப்படம் காட்டிற்று.

ஒளியை ஆளும் திறத்தில் வங்காளமும் அக்காலத்தில் புதுவழி கண்டது. சத்தியஜித் ராய் இயக்கிய ‘பதேர் பாஞ்சாலி’ 1955ஆம் ஆண்டிற்குரிய தங்கப் பதக்கத்தைப் பெற்றது. அடுத்து வந்த ‘அபராஜிதோ’ 1957இல் வெனிசு நகர விழாவில் தங்கச் சிங்கம் என்னும் பரிசை ஈட்டியது. அதில் காசி நகரத்து வீடொன்றின் முற்றத்தைப் படநிலையத்துள் அமைக்க வேண்டியிருந்தது. திறந்த முற்றத்தில் வானிலிருந்து பரவும் மெல்லொளிக்கு ஒரே நிழல் இராது. விளக்குகளின் நேரொளியோ பல நிழல்களை உண்டாக்கும். எனவே ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, விளக்கொளியை அதன்மீது பாய்ச்சி, அங்கிருந்து சிதறிவரும் ஒளியால் படம்பிடித்தார். ஒரு முழத் துணியும் உற்று நோக்கும் கண்ணும் விலையுயர்ந்த கருவிகளால் ஆகாததைச் செய்தன.

வண்ணம் தமிழ்த்திரைக்கு வந்ததும் இப்பத்தாண்டுக் காலத்திலேயே. சேலத்தில் டி. ஆர். சுந்தரம் நிறுவிய மாடர்ன் தியேட்டர்ஸ் 1956இல் ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ என்னும் முழுவண்ணப் படத்தை வெளியிட்டது. 1959இல் பி. ஆர். பந்துலு இயக்கிய ‘வீரபாண்டிய கட்டபொம்மன்’ டெக்னிக்கலர் வண்ணத்தில் வெளிவந்தது. 1960இல் கெய்ரோ நகரில் நடைபெற்ற ஆசிய ஆப்பிரிக்கத் திரைப்பட விழாவில் அப்படத்திற்காகச் சிவாஜி கணேசன் சிறந்த நடிகருக்குரிய பரிசைப் பெற்றார், ஜி. இராமநாதன் சிறந்த இசையமைப்பாளராகப் பாராட்டப்பெற்றார். தமிழ் அறியாத நடுவர்களும் அவ்வீரனின் சினத்தை முகத்திலும் குரலிலும் கண்டனர்.

எனினும் பரிசும் பொருளும் எப்போதும் ஒருங்கே வருவதில்லை. வ. உ. சிதம்பரனாரின் தியாக வாழ்வை விளக்கும் ‘கப்பலோட்டிய தமிழன்’ 1961இல் வெளிவந்து சிறந்த தமிழ்ப்படத்திற்கான தேசிய விருதைப் பெற்றது; ஆயினும் வசூலில் தோல்வியே கண்டது. இழப்பை நேர்ந்த அப்படமே இன்றும் பள்ளிப் பிள்ளைகளுக்கு அப்பெரியாரை அறிமுகம் செய்து வருகிறது. மறு ஆண்டில் ஸ்ரீதர் இயக்கிய ‘நெஞ்சில் ஓர் ஆலயம்’ பெரும் பொருட்செலவு இன்றியே புகழெய்தியது. ஒரே மருத்துவமனை அரங்கில் ஏறத்தாழ ஒரு மாத காலத்தில் அப்படம் எடுக்கப்பட்டது. கங்கா அமைத்த அரங்கும் வின்சென்டின் ஒளிப்பதிவும் ஒரே இடத்தைச் சலிப்புத் தோன்றாதவாறு புதிது புதிதாகக் காட்டின.

இப்படங்களின் வெற்றிக்கு உரியவர் விளம்பரத்தில் பெயர் பொறித்தோர் மட்டும் அல்லர். சுவரெழுப்பிய தச்சர், விளக்கேந்திய தொழிலாளர், முகம் திருத்திய ஒப்பனையாளர், இருட்டறையில் சுருளைக் கழுவியோர், அதனை வெட்டி ஒட்டிய தொகுப்பாளர் எனப் பலரும் மறைவில் நின்று உழைத்தனர். பதக்கம் ஒருவர் கையில் தரப்படினும் அது பலர் கைகள் ஈட்டிய பொருளே ஆகும்.

இவ்வுழைப்பின் பயன் நிலைக்குமா என்பதே நாம் எண்ணவேண்டுவது. பழங்காலச் சுருள் எளிதில் தீப்பற்றும் நைட்ரேட்டு வகையினது. பின்னர் வந்த அசிட்டேட்டுச் சுருளோ வெப்பத்தாலும் ஈரத்தாலும் புளித்துக் காடி நாற்றம் வீசிச் சுருங்கிப் போகும். தமிழ் ஒலித்த முதற்படமான ‘காளிதாஸ்’ 1931இல் வெளிவந்தது. இன்று அதன் படி ஒன்றேனும் கிடைக்கவில்லை. இத்தகைய இழப்பைத் தடுக்கும் பொருட்டே 1964இல் புனே நகரில் தேசியத் திரைப்பட ஆவணக்காப்பகம் தொடங்கப்பெற்றது. குளிரூட்டிய, ஈரமற்ற அறைகளில் சுருள்களைக் காப்பதும், பழுதடைந்தவற்றைச் செப்பனிட்டுப் புதுப் படிகள் எடுப்பதும் இத்தகைய காப்பகங்களின் பணி.

காற்றுக்கும் மழைக்கும் அழியாதது கொல்லிப்பாவை என்றனர் புலவர். அது தெய்வம் வகுத்த பாவை. மனிதன் வகுத்த திரைப்பாவையோ காற்றுக்கும் ஈரத்துக்கும் நலியும் இயல்பினது. ஒன்றைப் புலவர் சொல் காத்தது. மற்றொன்றை மக்களின் அக்கறையே காக்கவேண்டும். கலைஞனுக்குப் பதக்கம் அளித்துப் போற்றுவது ஒரு நாள் விழா. அவன் படைப்பை அழியாமற் காப்பது தலைமுறைதோறும் தொடரவேண்டிய கடமை.