சதுரங்கம் சோறு போடுமா?

ஆம்பூரில் மாலை ஆறு மணி. ஷூ கம்பெனி விட்டுவிட்டது. டிபன் பாக்ஸும் கையுமாகப் பெண்கள் கூட்டம் கூட்டமாக வெளியே வருகிறார்கள். பிரியாணிக் கடையில் அடுப்பு எரிகிறது. ஒரு சந்தில், வீட்டுத் திண்ணையில், பத்து வயதுப் பையன் ஒருவன் தன் தாத்தாவுடன் சதுரங்கம் ஆடிக்கொண்டிருந்தான்.

தாத்தா தோல் பதனிடும் தொழிற்சாலையில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். அவர் இந்த ஆட்டத்தை "ஷத்ரஞ்ச்" என்கிறார். பேரன் "செஸ்" என்கிறான். பெயர் எதுவானால் என்ன? அன்று ஜெயித்தது பேரன்தான்!

வேலை முடிந்து வந்த பையனின் தாயார் என்னைப் பார்த்துக் கேட்டார்: "எப்பப் பாத்தாலும் இதே வேலையா இருக்கான் சார். படிப்பு கெட்டுப்போயிடுமோன்னு பயமா இருக்கு. இது சோறு போடுமா? நீங்களே சொல்லுங்க."

நியாயமான கேள்வி. அதற்குப் பதில் தேடித்தான் இந்தக் கட்டுரை.

திண்ணை ஆட்டமும் உலக ஆட்டமும்

சதுரங்கம் நம் நாட்டில் பிறந்த விளையாட்டு. ஆனால் நாம் திண்ணையில் ஆடிய ஆட்டம் வேறு. உலகப் போட்டிகளில் ஆடும் ஆட்டம் வேறு.

நம் பழைய முறையில் சிப்பாய் ஒரு கட்டம்தான் நகரும். ராஜா ஒரே ஒரு தடவை குதிரை போலத் தாவலாம். உலக முறையில் சிப்பாய் முதல் அடியில் இரண்டு கட்டம் போகலாம். ராஜாவும் யானையும் சேர்ந்து "கோட்டை கட்டும்". இந்த வித்தியாசம் தெரியாமல் வெளிநாட்டுக்குப் போனால் தோல்விதான்.

இந்தத் தடையைத் தாண்டிய முதல் வீரர் மீர் சுல்தான் கான். பஞ்சாபில் பிறந்தவர். நம் நாட்டு முறையில் ஆடிப் பழகியவர். சர் உமர் ஹயாத் கான் என்ற பிரபு அவரை லண்டனுக்கு அழைத்துச் சென்றார். என்ன நடந்தது தெரியுமா? 1929, 1932, 1933 ஆகிய மூன்று வருஷங்களில் பிரிட்டிஷ் சாம்பியன் பட்டம் அவருக்கே! முன்னாள் உலக சாம்பியன் காபாபிளாங்காவையும் அவர் தோற்கடித்தார்.

பிறகு ஊர் திரும்பினார். பெரிய போட்டிகளில் அவர் மறுபடி ஆடவே இல்லை. 1966-ல் காலமானார். அவருக்குக் கௌரவ கிராண்ட் மாஸ்டர் பட்டம் கிடைத்தது எப்போது? 2024-ல்! செத்து 58 வருஷம் கழித்து வந்தது மரியாதை.

கடைசி இடம் பிடித்த வீரர்

அடுத்து வந்தவர் நம் தமிழ்நாட்டில் வளர்ந்த மானுவல் ஆரோன். 1935 டிசம்பர் 30-ந் தேதி பர்மாவில் பிறந்தவர். அலகாபாத் பல்கலைக்கழகத்தில் பி.எஸ்ஸி. பட்டம் பெற்றவர். 1959 முதல் 1981 வரை ஒன்பது தடவை தேசிய சாம்பியன் ஆனவர்.

1961-ல் ஆஸ்திரேலியாவின் சிசில் பர்டியை அவர் வென்றார். அதன் மூலம் இந்தியாவின் முதல் "சர்வதேச மாஸ்டர்" என்ற பட்டம் பெற்றார். அர்ஜுனா விருது பெற்ற முதல் சதுரங்க வீரரும் அவரே.

1962-ல் ஸ்வீடன் நாட்டு ஸ்டாக்ஹோம் நகரில் ஒரு மாபெரும் போட்டி. உலகின் தேர்ந்த வீரர்கள் 23 பேர் கூடினார்கள். முதல் இடம் பிடித்தவர் 18 வயது அமெரிக்க இளைஞர் பாபி பிஷர். ஆரோன் பிடித்த இடம் எது? 23-வது இடம். கடைசி!

"இதில் என்ன பெருமை?" என்று கேட்பீர்கள். கேளுங்கள். அதே போட்டியில் ஹங்கேரியின் லாயோஸ் போர்ட்டிஷையும், கிழக்கு ஜெர்மனியின் வுல்ப்காங் உல்மானையும் ஆரோன் வீழ்த்தினார். இருவருமே கிராண்ட் மாஸ்டர்கள். ருஷ்யாவிலும் ஐரோப்பாவிலும் வீரர்களுக்குப் பயிற்சியாளர் உண்டு, புத்தகம் உண்டு, சேர்ந்து ஆட வலுவான ஆட்கள் உண்டு. அப்போது நம் நாட்டில் அவ்வளவு வசதி இல்லை. அப்படியும் இரண்டு பேரைச் சாய்த்தார்!

கடைசி இடம் பிடித்தவர் மூலையில் உட்காரவில்லை. ஊர் ஊராகச் சதுரங்கக் குழுக்கள் அமைய உழைத்தார். "உலக முறையில் ஆடுங்கள். புத்தகம் பார்த்துப் படியுங்கள்" என்று இளைஞர்களை வற்புறுத்தினார். 1972-ல் சென்னை சோவியத் கலாசார மையத்தில் "டால் செஸ் கிளப்" தொடங்கியது. அதை வளர்த்ததில் ஆரோனின் பங்கு பெரிது.

கிளப்புக்கு வந்த சிறுவன்

அந்தக் கிளப்புக்கு ஒரு சிறுவன் வந்தான். ஓயாமல் ஆடினான். மின்னல் வேகத்தில் காய் நகர்த்தினான். அவன் பெயர் விசுவநாதன் ஆனந்த்!

ஆனந்த் 1969-ல் மயிலாடுதுறையில் பிறந்தவர். ஆறு வயதில் அவருக்கு ஆட்டம் சொல்லிக் கொடுத்தது யார்? அவர் தாயார் சுசீலா. தந்தைக்குப் பிலிப்பைன்ஸ் நாட்டில் வேலை கிடைத்தபோது குடும்பம் அங்கே போயிற்று. அங்கே டெலிவிஷனில் சதுரங்கப் புதிர் போடுவார்கள். மகன் பள்ளிக்குப் போயிருக்கும் நேரத்தில் தாயார் புதிரைக் குறித்து வைப்பார். மாலையில் இருவரும் சேர்ந்து விடை காண்பார்கள்.

1987-ல் ஆனந்த் உலக ஜூனியர் சாம்பியன். அதே வருஷம் டிசம்பரில் கோவையில் நடந்த சர்வதேசப் போட்டியில் வெற்றி. 1988-ல் இந்தியாவின் முதல் கிராண்ட் மாஸ்டர்! 2000-ல் உலக சாம்பியன் பட்டம் முதன்முதலாக அவர் கைக்கு வந்தது. மொத்தம் ஐந்து தடவை அந்தப் பட்டத்தை வென்றார்.

ஆரோன் பட்டம் பெற்றது 1961. இரண்டாவது சர்வதேச மாஸ்டர் ரவிக்குமார் வந்தது 1978. முதல் கிராண்ட் மாஸ்டர் 1988. எவ்வளவு காலம் பாருங்கள்! ஆம்பூர்க்காரர்களுக்கு இது புதிதல்ல. பச்சைத் தோல் ஒரே நாளில் ஷூ ஆகிவிடுமா? சுண்ணாம்புத் தொட்டியில் ஊற வேண்டும். பதனிட வேண்டும். காய வேண்டும். ஒவ்வொரு கட்டத்துக்கும் ஆள் வேண்டும், பொறுமை வேண்டும்.

இப்போது இந்தியாவில் கிராண்ட் மாஸ்டர்கள் 85 பேருக்கு மேல். அவர்களில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் தமிழ்நாட்டுக்காரர்கள்!

பெற்றோர் பட்ட பாடு

சென்னை குகேஷ் 2006-ல் பிறந்தவர். 2019-ல், 12 வயதிலேயே கிராண்ட் மாஸ்டர் ஆனார். 2024 டிசம்பர் 12-ந் தேதி சிங்கப்பூரில் சீன வீரர் டிங் லிரெனுடன் 14-வது ஆட்டம். சமனில் முடியும் என்றே எல்லோரும் நினைத்தார்கள். 55-வது நகர்த்தலில் டிங் யானையைத் தவறான கட்டத்தில் வைத்தார். அந்த ஒரு தவறு போதும்! 18 வயதில் குகேஷ் உலக சாம்பியன். மேடையிலேயே கண்ணீர் விட்டார். தமிழக அரசு ஐந்து கோடி ரூபாய் பரிசு கொடுத்தது.

அந்தக் கண்ணீருக்குப் பின்னால் ஒரு கதை இருக்கிறது. மகனைப் போட்டிகளுக்கு அழைத்துப் போவதற்காக டாக்டரான தந்தை தன் தொழிலையே சிறிது காலம் நிறுத்தி வைத்தார். குடும்பத்தைத் தாங்கியது தாயாரின் சம்பளம். பணத்துக்கு நண்பர்கள் கை கொடுத்தார்கள்.

வைஷாலி, பிரக்ஞானந்தா கதையும் அப்படியே. டெலிவிஷன் பார்ப்பதைக் குறைக்கவே பெண்ணைச் சதுரங்க வகுப்பில் சேர்த்தார்கள். அக்காளைப் பார்த்துத் தம்பியும் ஆடினான். உலகத்திலேயே அக்காளும் தம்பியும் கிராண்ட் மாஸ்டர் ஆனது இதுதான் முதல் தடவை! அவர்கள் தாயார் நாகலட்சுமி வெளிநாட்டுக்குப் போகும்போது குக்கரையும் அரிசியையும் கூடவே எடுத்துப் போவார். பிள்ளைகளுக்கு அங்கேயும் ரசம் சாதம்தான்.

அப்படியானால் பதில் என்ன?

ஆம்பூர்த் தாயாரிடம் உள்ளதை உள்ளபடி சொன்னேன்.

"அம்மா, ஆடுகிற எல்லோரும் குகேஷ் ஆக முடியாது. மேலே போகப் போகச் செலவு அதிகம். பயிற்சிக்குப் பணம், பயணத்துக்குப் பணம். ஆகையால் இதை மட்டும் நம்பிப் படிப்பை விட வேண்டாம். ஆரோன் பட்டதாரி. ஆனந்தும் கல்லூரியில் படித்தவர். நன்றாக ஆடுகிறவர்களுக்கு ரயில்வேயும் அரசு நிறுவனங்களும் வேலை கொடுத்திருக்கின்றன. அதுவும் ஒரு வழி."

"செலவில்லாமல் இப்போ என்ன செய்யலாம் சார்?"

"ஒரு பலகையும் ஒரு நோட்டும் போதும். தினம் ஒரு மணி நேரம் ஆடட்டும். ஆடிய ஆட்டத்தை எழுதி வைக்கட்டும். எங்கே தோற்றோம் என்று மறுநாள் பார்க்கட்டும். பள்ளிப் போட்டியில் சேரட்டும். தோற்றால் அடிக்காதீர்கள். ஸ்டாக்ஹோமில் கடைசி இடம் பிடித்தவர் போட்ட பாதையில்தான் உலக சாம்பியன்களே நடந்து வந்தார்கள்."

அவர் சற்று யோசித்தார். பிறகு கேட்டார்: "அந்த ஆனந்துக்கு அவங்க அம்மாவா சொல்லிக் கொடுத்தாங்க?"

"ஆமாம்."

டிபன் பாக்ஸைக் கீழே வைத்துவிட்டுத் திண்ணையில் உட்கார்ந்தார்.

"டேய், இந்தக் குதிரை எப்படிடா போகும்? காட்டு" என்றார்.

பையன் முகத்தில் தோன்றிய மகிழ்ச்சியைப் பார்க்க வேண்டுமே! தாத்தாவை வென்றபோதுகூட அவன் அப்படிச் சிரிக்கவில்லை.