பழம்படங்களில் இடைச்செருகல்

ஏட்டுச் சுவடிகளை ஒப்புநோக்கிப் பதிப்பிக்கும் புலவர்க்குத் தீராத இடராய் நிற்பது இடைச்செருகல். பின்வந்தோன் புனைந்த செய்யுள் மூலத்தோடு கலந்துவிட்டாற் பிரித்தறிதல் எளிதன்று. தொலைக்காட்சிக்கு வரலாற்றுப் படம் ஆக்குவோர்க்கும் இவ்விடர் உண்டு என்பதை நம்மிற் பலர் அறியார். கருவி கண்டதையே காட்டும் என்று நம்பியிருக்கின்றோம்.

1916ஆம் ஆண்டு யூலை 1ஆந் திகதி பிரான்சு நாட்டிலே சோம் ஆற்றுப் பகுதியிற் பெரும்போர் தொடங்கிற்று. அன்றொரு நாளில் மட்டும் பிரித்தானியப் படையினர் 19,000 பேருக்கு மேல் மாண்டனர். ஜெஃப்ரி மாலின்ஸ், மக்டவல் என்னும் இருவர் ஆங்கு எடுத்த படம் அடுத்த மாதமே இலண்டனில் திரைக்கு வந்தது. தத்தம் மைந்தர் முகம் அதில் தோன்றாதா என்று தேடிச் சென்ற பெற்றோர் எத்தனையோ பேர். அதில் ஒரு காட்சி உலகறிந்தது: வீரர் அகழியினின்று ஏறுகின்றனர், ஒருவன் மட்டும் குண்டுபட்டவன்போற் சரிந்து வீழ்கின்றான்.

அக்காட்சி போர்முனைக்குப் பின்னேயிருந்த பயிற்சிக் களமொன்றில் நடிக்கப்பட்டது. இதற்கு அகச்சான்று படத்திலேயே உண்டு. அகழி ஆழமற்றது. வீரர் போருக்குச் சுமந்து செல்லும் மூட்டைகளைக் காணோம். முக்காலியில் நிறுத்திக் கையாற் சுழற்ற வேண்டிய கருவியோ, குண்டுமழை பொழியும் வெளியில் எவரும் நிற்கவியலாத இடத்தில் நிற்கின்றது! படத்தின் பெரும்பகுதி மெய்யானதே. ஆயினும், வீழ்ந்தெழுந்து போன அந்த ஒருவனே, எழாத பல்லாயிரவர்க்கும் உருவாய்த் தொலைக்காட்சியில் மீண்டும் மீண்டும் தோன்றுகின்றான்.

1964இல் பி.பி.சி. முதல் உலகப்போரைப் பற்றி 26 பகுதிகள் கொண்ட தொடரை ஒளிபரப்பியது. பழைய மௌனப்படங்கள் நொடிக்கு ஏறக்குறைய 16 படங்களாகச் சுழற்றப்பட்டவை. தொலைக்காட்சிக்கு 25 வேண்டும். அப்படியே ஓட்டினால் மாந்தர் பொம்மைகள்போல் ஓடுவர். ஆதலால் இடையிடையே சில படங்களை இரட்டித்து அச்சிட்டு இயல்பு நடையை மீட்டனர். இதனைச் செம்மையாக்கல் என்றே கொள்ளலாம். ஆனால் நேசநாட்டுப் படை இடமிருந்து வலமாகவும் ஜேர்மானியப் படை வலமிருந்து இடமாகவும் செல்லவேண்டுமென்று படங்களை இடவலம் மாற்றியதை என்னென்பது? நடிப்புக் காட்சிகளும் குறிப்பின்றி மெய்ப்படங்களோடு கலந்தன. படங்களை வழங்கிய இலண்டன் இம்பீரியல் போர் நூதனசாலையின் தலைவர் நோபிள் பிராங்லண்ட் இதனைக் கடுமையாக எதிர்த்தார். அவரே 1973இல் தேம்ஸ் தொலைக்காட்சி தொடங்கிய ‘தி வேர்ல்ட் அற் வோர்’ என்னும் தொடருக்கு வரலாற்று ஆலோசகரானார். ஜெரமி ஐசக்ஸ் ஆக்கிய அத்தொடரில், ஓரிடத்துப் படத்தை வேறோரிடத்து நிகழ்ச்சியாகக் காட்டாதிருக்க இயன்றவரை முயன்றனர். பணியாளர் ஒவ்வொரு துண்டும் யார் எடுத்தது, எங்கே, எந்நாளில் என்று தேடவேண்டியதாயிற்று. பதிப்பாசிரியர் அறிந்த உழைப்புத்தான் அது.

2018இல் பீற்றர் ஜாக்சன் அந்நூதனசாலைப் படங்களுக்கு வண்ணமும் குரலும் ஊட்டினார். நம் உரையாசிரியர் நூல்களில் மூலம் வேறு, உரை வேறாய் விளங்கும்; இங்கே கருவி கண்டது எது, ஓவியர் கை சேர்த்தது எது என்று காண்போர்க்குப் புலப்படவில்லை. அவர் செய்த நன்றொன்றையும் சொல்லவேண்டும். நேருக்கு நேர் பொருதும் போருக்கு மெய்ப்படம் இன்மையால், அவ்விடத்தில் அக்காலச் சஞ்சிகைச் சித்திரங்களையே வைத்தார். சித்திரத்தைச் சித்திரமென்று எவரும் அறிவர்.

வகுப்பறையிற் சோம் படத்தைக் காட்டும் ஆசிரியர், அவ்வீரன் சரியுமிடத்திற் படத்தைச் சற்றே நிறுத்தி, கருவி எங்கே நிற்கின்றது என்று மாணாக்கரை வினவிப் பார்க்கலாம்.