கறக்கிற கைக்குப் பாடம்

பால் திரிந்துபோனால் நமக்கு வருகிற கோபம் கொஞ்சநஞ்சமல்ல. டிப்போக்காரரைக் கேட்கிறோம், வீட்டுக்கு ஊற்றும் பால்காரரைக் கேட்கிறோம், பாத்திரம் தேய்க்கிற பெண்ணைக்கூட விட்டுவைப்பதில்லை. ஆனால் அந்தப் பாலைக் கறந்த கைக்கு என்னென்ன தெரியும், அதற்கு யார் சொல்லிக்கொடுத்தார்கள் என்று நாம் என்றைக்காவது கேட்டிருக்கிறோமா?

பால் தொழில் என்றதும் பளபளக்கும் ஸ்டீல் தொட்டிகளும், வெள்ளைக் கோட்டும் தொப்பியும் போட்ட ஆட்களும்தான் கண்முன் வருகிறார்கள். அவர்கள் கடைசியில் வருகிறவர்கள், அம்மா! உலகத்திலேயே அதிகப் பால் உற்பத்தி செய்யும் நாடு என்ற பெயரை இந்தியா 1998-லிருந்து வைத்துக்கொண்டிருக்கிறதே, அந்தப் பாலில் பெரும்பகுதி ஒரு மாடு, இரண்டு மாடு கட்டியிருக்கிற வீடுகளிலிருந்துதான் வருகிறது. தீவனம் வைப்பது, சாணி அள்ளுவது, கறப்பது, சொசைட்டிக்குத் தூக்கிக்கொண்டு ஓடுவது எல்லாம் பெரும்பாலும் பெண்கள். இதற்குச் சம்பளமும் கிடையாது, தொழிலாளி என்ற பெயரும் கிடையாது. "வீட்டு வேலையோடு வேலையா மாட்டையும் பார்த்துக்கிறா" என்பதோடு சரி. தொழில் என்றே நினைக்காத ஒன்றுக்குப் பயிற்சி வேண்டும் என்று யாருக்குத் தோன்றும்?

கோபிச்செட்டிபாளையம் பக்கத்துக் கிராமத்தில் என் சின்ன மாமியார் இருக்கிறார். முப்பது வருஷமாக மாடு வைத்திருக்கிறார். இப்போது இரண்டு கலப்பின ஜெர்சி மாடுகள். சொசைட்டியில் அவருக்கும் டெஸ்டருக்கும் தினம் தகராறு. பாலுக்கு விலை லிட்டர் கணக்கில் மட்டும் அல்ல. கொழுப்புச் சத்து எவ்வளவு, கொழுப்பு நீங்கலான மற்ற சத்து எவ்வளவு என்று பார்த்துத்தான் காசு. ஊரில் முதலாவதை ஃபேட் என்றும், இரண்டாவதை எஸ்.என்.எஃப். என்றும்தான் சொல்கிறார்கள். இவர் பாலுக்கு ஃபேட் மூன்றரையைத் தாண்டாது. "ஒரு சொட்டுத் தண்ணி கலக்கறதில்லீங்க, எங்க வீட்டுப் பாலை மட்டும் கொறச்சுப் போடறீங்க" என்று இவர் சண்டைபோட, "மெஷின் சொல்றதத்தானுங்க நான் எழுதறேன்" என்று அவர் சொல்ல, இப்படியே பல வருஷம் ஓடிவிட்டது.

பிறகு அந்த ஊருக்கு ஒரு பயிற்சி முகாம் வந்தது. மாட்டுத் தொழுவத்திலேயே வைத்து நடத்தினார்கள். அங்கே சொன்ன ஒரு விஷயம்தான் முப்பது வருஷச் சண்டையைத் தீர்த்தது. மடியிலிருந்து முதலில் வருகிற பால் நீர்த்த பால், கொழுப்பு மிகக் குறைவு. கறக்கக் கறக்கக் கொழுப்பு ஏறிக்கொண்டே போய், கடைசிச் சொட்டுகளில்தான் நெய்யெல்லாம் நிற்கிறது. சின்ன மாமியார் என்ன செய்துகொண்டிருந்தார்? "வாயில்லாச் சீவன், பாவம்" என்று கடைசிப் பாலைக் கன்றுக்கு விட்டுவிடுவார். நல்ல மனசுதான். ஆனால் விலை உள்ள பால் கன்றுக்கும், நீர்ப்பால் சொசைட்டிக்கும் போய்க்கொண்டிருந்தது. கன்றின் பங்கை முதலிலேயே குடிக்க விட்டுவிட்டு, பிறகு மடியை முழுவதும் கறந்து முடியுங்கள் என்றார்கள். அப்படிச் செய்ததும் ஃபேட் நாலுக்கு மேலே போய்விட்டது.

"ஏன் கண்ணு, இத்தனை வருசமா இந்த ஒரு வார்த்தைய ஒருத்தரும் சொல்லலையே" என்று என்னிடம் சொல்லும்போது அவர் முகத்தில் சந்தோஷத்தைவிட வருத்தம்தான் அதிகம் இருந்தது. இத்தனை வருஷத்தில் எவ்வளவு காசு போயிருக்கும் என்று மனசுக்குள் கணக்குப் போட்டிருப்பார்.

கறப்பதில் என்ன பாடம் என்று கேட்பவர்களுக்கு இன்னொன்று சொல்கிறேன். தாய்ப்பால் கொடுத்த சகோதரிகளுக்கு இது எளிதில் புரியும். குழந்தை வாய் வைத்ததும் பால் சுரந்து இறங்குகிறதே, அதற்குக் காரணமான ஆக்ஸிடோசின் என்ற ஹார்மோன்தான் மாட்டுக்கும். மடியை வெதுவெதுப்பான நீரில் கழுவித் துடைத்தவுடன் அது சுரக்கிறது. ஐந்து முதல் ஏழு நிமிஷம் வரைக்கும்தான் அதன் வேகம். அதற்குள் கறந்து முடித்துவிட வேண்டும். நடுவில் எழுந்துபோய் அடுப்பைப் பார்த்துவிட்டு வந்தால் மிச்சப் பால் மடியிலேயே நின்றுவிடும். மாட்டை அதட்டினாலும் அடித்தாலும் பயத்தில் பால் இறங்காது. நாம் பதற்றமாக இருக்கும்போது தாய்ப்பால் இறங்கச் சிரமப்படுவதில்லையா, அது மாதிரிதான். பால் இறங்குவதற்காக மாட்டுக்கு ஊசி போடுகிறவர்களும் இருக்கிறார்கள். அது சட்டப்படி குற்றம்.

கட்டைவிரலை மடக்கி, அதன் முட்டியால் காம்பை அழுத்திக் கறப்பது பல ஊர்களில் பழக்கம். அதனால் காம்பின் உள்பக்கம் காயமாகிறது. ஐந்து விரலாலும் முழுக்கையில் பிடித்துக் கறக்க வேண்டும். கறந்து முடித்தபின் காம்பின் துவாரம் உடனே மூடாது, அரை மணி நேரமாவது ஆகும். அந்தச் சமயத்தில் மாடு சாணியில் படுத்தால் கிருமி உள்ளே போய்விடும். அதனால் காம்புகளை அயோடின் கரைசலில் முக்கிவிட்டு, மாட்டின் முன்னால் கொஞ்சம் தீவனத்தைப் போட்டு நிற்க வைக்கச் சொல்கிறார்கள். எவ்வளவு சின்ன யோசனை!

கிருமி உள்ளே போனால் வருவதுதான் மடிவீக்க நோய். மடி வீங்கிப் பாலில் ரத்தம் வந்தால் யாருக்கும் தெரியும். வெளியே ஒன்றும் தெரியாமல் உள்ளுக்குள்ளேயே இருப்பதுதான் பொல்லாதது. அதைக் கண்டுபிடிக்க நாலு குழி உள்ள ஒரு பிளாஸ்டிக் தட்டு கொடுக்கிறார்கள். நாலு காம்புப் பாலையும் தனித்தனியே குழிகளில் பீய்ச்சி, சோப்புக் கரைசல் மாதிரியான ஒரு மருந்தைச் சம அளவு ஊற்றிச் சுழற்றினால், நோய் இருக்கிற காம்பின் பால் மட்டும் கூழ் மாதிரி கெட்டியாகும். பள்ளிக்கூடமே போகாத பெண்கள்கூட அரை மணியில் கற்றுக்கொள்கிறார்கள். ஆரம்பத்திலேயே பிடித்துவிட்டால் கைவைத்தியம் இருக்கிறது. தமிழ்நாடு கால்நடை மருத்துவ அறிவியல் பல்கலைக்கழகத்தார் சொல்லிக்கொடுக்கிற முறையில் சோற்றுக்கற்றாழை 250 கிராம், மஞ்சள்தூள் 50 கிராம், சுண்ணாம்பு 15 கிராம் மூன்றையும் அரைத்துக்கொள்ள வேண்டும். மடியைச் சுத்தமாகக் கறந்து கழுவிவிட்டு, விழுதைத் தண்ணீர் விட்டு இளக்கி, ஒரு நாளைக்குப் பத்துத் தடவை வீதம் ஐந்து நாள் பூச வேண்டும். தேசியப் பால்வள வாரியமும் இதை நாடு முழுக்கப் பரப்பி வருகிறது. மடி கல்லாக இறுகிவிட்டாலோ மாடு தீவனம் எடுக்காவிட்டாலோ தாமதிக்காமல் டாக்டரைக் கூப்பிடத்தான் வேண்டும்.

டாக்டர் ஆன்டிபயாட்டிக் ஊசி போட்டால் எத்தனை நாள் பாலை ஊற்றக்கூடாது என்று மருந்துச் சீட்டிலேயே இருக்கும். இது தெரியாமலோ, "அத்தனை நாள் காசுக்கு எங்கே போறது" என்றோ ஊற்றிவிட்டால் அந்த மருந்து நம் வீட்டு டம்ளர் வரைக்கும் வந்துவிடும். காய்ச்சினால் மருந்து போய்விடும் என்று நம்பியிருக்க முடியாது. நல்ல உறை ஊற்றியும் தயிர் தோயாமல் போவதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

மாடு வைத்திருக்கும் கர்ப்பிணிப் பெண்களுக்கு இதைவிட முக்கியமான பாடம் ஒன்று உண்டு. கன்று வீசிய மாட்டின் நஞ்சுக்கொடியையும், இறந்து விழுந்த கன்றையும் வெறும் கையால் தொடவே கூடாது. புருசெல்லோசிஸ் என்ற நோய் அதன் வழியாக மனிதருக்கும் தொற்றும். விட்டுவிட்டு வரும் காய்ச்சல், மூட்டுவலி என்று மாசக்கணக்கில் படுத்தும். கிடேரிக் கன்றுக்கு நாலு முதல் எட்டு மாதத்துக்குள் போடும் ஒரே ஒரு தடுப்பூசி மாட்டைக் காக்கும். மாடு வைத்திருப்பவர்களும் பச்சைப் பால் குடிக்கக் கூடாது, காய்ச்சித்தான் குடிக்க வேண்டும்.

இதெல்லாம் தெரிந்த வேலையை இன்னும் நன்றாகச் செய்யக் கற்றுக்கொள்வது. செய்துகொண்டிருந்த வேலையே கண்முன் காணாமல் போய்விட்டால்? அதுவும் இந்தத் தொழிலில் நடந்திருக்கிறது.

முன்பெல்லாம் சொசைட்டியில் ஃபேட் பார்ப்பதென்றால் கெர்பர் முறைதான். கழுத்து நீண்ட கண்ணாடிக் குப்பியில் 10 மில்லி கந்தக அமிலம், 10.75 மில்லி பால், 1 மில்லி அமைல் ஆல்கஹால் விட்டு, யந்திரத்தில் வைத்துச் சுற்றி, மேலே ஏறி நிற்கும் கொழுப்பைக் கோட்டில் படிக்க வேண்டும். அமிலம் தெறித்து டெஸ்டர்களின் சட்டையில் ஓட்டை ஓட்டையாக இருக்கும். லாக்டோமீட்டர் வேறு. அதை மட்டும் நம்பவும் முடியாது. தண்ணீர் கலந்தால் அளவு இறங்கும். ஆனால் ஆடையை எடுத்துவிட்டால் அளவு ஏறும். இரண்டையும் கணக்காகச் செய்பவன் தப்பித்துவிடுவான்! அதனால்தான் ஃபேட்டையும் சேர்த்துப் பார்ப்பது.

இப்போது பல சொசைட்டிகளில் மின்னணு யந்திரம் வந்துவிட்டது. ஒரு கிண்ணம் பாலை வைத்தால் ஒரு நிமிஷத்துக்குள் ஃபேட்டும் எஸ்.என்.எஃப்.பும் எழுத்தில் வருகிறது, கம்ப்யூட்டரில் ஏறுகிறது, ரசீதும் அச்சாகிறது. பழைய டெஸ்டர்களில் சிலர் இதோடு ஒதுங்கிவிட்டார்கள். சின்ன மாமியார் ஊர்க்காரர் அப்படி இல்லை. ஐம்பது வயதுக்கு மேல் பிளஸ் டூ படித்த ஒரு பெண்ணிடம் உட்கார்ந்து கம்ப்யூட்டர் கற்றுக்கொண்டார். அந்தப் பெண்ணுக்கு அவர் கற்றுக்கொடுத்தது வேறு. யந்திரம் தப்பு செய்யாது என்று நம்பாதே, தினமும் அதன் குழாயை வெந்நீரும் கழுவும் திரவமும் விட்டுக் கழுவு, இல்லாவிட்டால் பால்படிவு சேர்ந்து பொய் சொல்லும். பாலைக் கலக்காமல் மேலாக மொண்டு வைத்தால் ஃபேட் ஏறிக்காட்டும், அடியில் எடுத்தால் இறங்கும். இந்த ஞானம் கந்தக அமிலக் காலத்து ஞானம். எனக்கென்னவோ, பழைய ஆளை அனுப்பிவிட்டுப் புதிய ஆளை வைப்பதைவிட இப்படி இருவரையும் பக்கத்தில் உட்கார வைப்பதுதான் மலிவான பயிற்சி என்று தோன்றுகிறது.

மறுபடியும் கற்றுக்கொள்வதற்கு வெட்கப்பட வேண்டியதில்லை. வெண்மைப் புரட்சியின் தந்தை வர்கீஸ் குரியனே அப்படி வந்தவர்தான். கோழிக்கோட்டில் பிறந்து, சென்னை லயோலா கல்லூரியிலும் கிண்டி எஞ்சினீயரிங் கல்லூரியிலும் படித்த எஞ்சினீயர். பாலுக்கும் அவருக்கும் சம்பந்தமே இல்லை. சர்க்கார் உபகாரச் சம்பளத்தின் கட்டாயத்துக்காக 1949-ல் மனசில்லாமல் குஜராத்தின் ஆனந்துக்குப் போனவர், அங்கேயே தங்கிவிட்டார். அந்த ஆனந்தில் கிராமத்துப் பெண்களைப் பஸ்ஸில் அழைத்துவந்து, பால் தொழிற்சாலையையும் கருவூட்டல் நிலையத்தையும் சுற்றிக் காட்டும் வழக்கம் இருந்தது. தான் கறந்த பால் எங்கே போகிறது என்று ஒரு முறை பார்த்தவள் அழுக்குக் குவளையில் கறக்கமாட்டாள் என்பது அவர்கள் கணக்கு.

1970-ல் தொடங்கிய வெண்மைப் பெருக்குத் திட்டம் ஆனந்து முறையை நாடெங்கும் கொண்டுபோனது. ஆனால் பல ஊர்களில் சொசைட்டியில் அங்கத்தினர் என்று பெயர் இருந்தது கணவருக்கு. ஆகவே பயிற்சிக்குப் போனதும் அவரே! போய்ச் சாப்பிட்டுவிட்டுப் பையை வாங்கிக்கொண்டு வருவார், கறக்கிறவளுக்கு ஒரு வார்த்தை சொல்லமாட்டார். 1986-87-ல் பெண்களின் பயிற்சிக்கென்றே மத்திய அரசு 'ஸ்டெப்' என்ற திட்டத்தைத் தொடங்கியபின் தமிழ்நாட்டிலும் மகளிர் பால் சங்கங்கள் நிறைய வந்தன. பக்கத்துத் திருப்பதியில் 2014-ல் பதிவான ஸ்ரீஜா மகளிர் பால் உற்பத்தியாளர் நிறுவனத்தில் பங்குதாரர்கள் அத்தனை பேரும் பெண்கள். ஒரு லட்சத்துக்கும் மேல் இருக்கிறார்கள்.

இன்னும் ஒரு குறை உண்டு. பயிற்சி டவுனில் காலை பத்து மணிக்கு ஆரம்பித்துச் சாயங்காலம் ஐந்துக்கு முடியும் என்று நோட்டீஸ் போடுகிறார்கள். மூன்று மணிக்கெல்லாம் கறவைக்கு நிற்க வேண்டியவள் எப்படிப் போவாள்? மாடு லீவு விடுமா? தொழுவத்துக்கே வந்து, காலைக் கறவை முடிந்ததும் இரண்டு மணி நேரம் சொல்லிக்கொடுத்தால் ஊரே வந்து உட்காரும். ஐந்தாறு பெண்கள் சேர்ந்து எழுதிக் கேட்டால் ஊருக்கு வந்து நடத்துகிறவர்களும் இருக்கிறார்கள். மாவட்டங்களில் கால்நடைப் பல்கலைக்கழகத்தின் பயிற்சி மையம் அல்லது வேளாண் அறிவியல் நிலையம், உங்கள் ஊர்க் கால்நடை மருந்தகம், பால் ஒன்றியம் இவற்றில் விசாரிக்கலாம். ஈரோட்டில் தேசியப் பால்வள வாரியத்தின் பயிற்சி மையமே இருக்கிறது.

சின்ன மாமியாரின் மருமகள் ஒரு படி மேலே போய்விட்டாள். சினை ஊசி போடக் கற்றுக்கொள்ளப் போகிறாளாம். மூன்று மாதப் பயிற்சி. திரவ நைட்ரஜனில், பூஜ்யத்துக்குக் கீழே 196 டிகிரியில் வைத்திருக்கும் உறைவிந்துக் குச்சியை எடுத்து, 37 டிகிரி வெந்நீரில் அரை நிமிஷம் வைத்து இளக்கிப் பயன்படுத்த வேண்டும். மாடு காலையில் கத்தினால் சாயங்காலம் போட வேண்டும், சாயங்காலம் கத்தினால் மறுநாள் காலை. "பொம்பளை போய் சினை ஊசி போடறதா" என்று ஊரில் ஒரு பேச்சு. "பிரசவம் பாக்கறது மட்டும் பொம்பளைங்க வேலையாக்கும்?" என்று சின்ன மாமியார் ஒரே போடாகப் போட்டுவிட்டார்.

அந்த மூன்று மாதமும் சாயங்காலக் கறவைக்கு ஆள் வேண்டுமே. அதற்காக எங்கள் சின்ன மாமனார், அறுபத்தெட்டு வயதில், இப்போதுதான் கறக்கப் பழகிக்கொண்டிருக்கிறார். சிவப்பு மாடு ஒத்துழைக்கிறது. கறுப்பு மாட்டிடம் இதுவரை மூன்று உதை வாங்கியிருக்கிறார்.