49 வயதில் வந்த டெலிபோன்

"நடிக்கிறதுன்னா பதினெட்டு வயசிலே வந்திருக்கணும். ரெண்டு குழந்தைக்கு அம்மாவான அப்புறம் என்ன நடிப்பு?" என்று சொல்பவர்கள் லிஸ் ஸ்மித்தின் கதையைக் கேட்கவேண்டும்.

1921-ல் இங்கிலாந்தின் ஸ்கன்தார்ப் ஊரில் பிறந்தவர். இரண்டு வயதில் அம்மா போய்விட்டாள். ஏழு வயதில் அப்பாவும் விட்டுவிட்டுப் போனார். வளர்த்தது பாட்டிதான். இரண்டாம் உலகப்போரில் கடற்படையின் பெண்கள் பிரிவில் சேர்ந்து நம் இந்தியாவுக்குக்கூட வந்திருக்கிறார்! கணவரைச் சந்தித்ததும் இங்கேதான். ஆனால் அந்த வாழ்க்கையும் நிலைக்கவில்லை, 1959-ல் விவாகரத்து. கையில் இரண்டு குழந்தைகள்.

அப்புறம் என்ன? கிடைத்த வேலையெல்லாம் செய்தார். ஆனால் நடிப்பை மட்டும் விடவில்லை. சார்லஸ் மாரோவிட்ஸ் என்ற நாடக இயக்குநரிடம், எழுதி வைத்த வசனம் இல்லாமல் அந்தந்த நேரத்தில் பேசி நடிக்கப் பழகினார். காசுக்காகவா? அதில் ஏது காசு!

1970 கிறிஸ்துமஸ் சமயம். லண்டன் ஹாம்லீஸ் கடையில் கால் கடுக்க நின்று பொம்மை விற்றுக் கொண்டிருந்தவருக்கு அழைப்பு வந்தது. மைக் லீ என்ற இளம் இயக்குநருக்கு, வசனமில்லாமல் நடிக்கத் தெரிந்த நடுத்தர வயதுப் பெண் தேவை. இத்தனை வருஷம் 'வீண்' என்று தோன்றிய பழக்கம் கைகொடுத்தது! படம் 'ப்ளீக் மொமன்ட்ஸ்', 1971.

1973-ல் அவரே 'ஹார்ட் லேபர்' டி.வி. நாடகத்தில் வீட்டு வேலை செய்யும் பெண்ணாக்கினார். 1984-ல் 'எ பிரைவேட் ஃபங்ஷன்' படம்: ரேஷன் காலத்தில் திருட்டுத்தனமாகப் பன்றி வளர்க்கும் கூத்து. மாகி ஸ்மித்துக்கு அம்மா வேஷம். சிறந்த துணை நடிகைக்கான பாஃப்டா விருதும் கிடைத்தது.

'விகார் ஆஃப் டிப்ளி' தொடரில் எதோடு எதைச் சேர்க்கக்கூடாதோ அதையெல்லாம் சேர்த்துச் சமைத்து ஊரையே நடுங்க வைப்பார். நம் தெருவிலும் அப்படி ஒரு மாமி உண்டே!

ஒரு குறை சொல்லத்தான் வேண்டும். தாமதமாக வந்ததாலோ என்னவோ, கதாநாயகி வேஷம் அவருக்கு அதிகம் வாய்க்கவில்லை. அம்மா, பாட்டி, பக்கத்து வீட்டுக் கிழவி... ஆனால் 1998-ல் தொடங்கிய 'ராயில் ஃபேமிலி' பாட்டியைப் பாருங்கள்! 2006-ல் வந்த சிறப்புப் பகுதியில் அந்தப் பாட்டி இறந்து போவாள். படுக்கையில் கிடக்கும் அவளும் மகளும் பேசிக்கொள்ளும் இடத்தில், அதுவரை சிரித்த நமக்குத் தொண்டை அடைத்துவிடும். அப்போது லிஸ்ஸுக்கு 84 வயது.


2016 கிறிஸ்துமஸுக்கு முதல்நாள், 95 வயதில் காலமானார்.