மை கக்கும் குட்டித் திமிங்கலம்

 

திமிங்கலம் என்றாலே பிரம்மாண்டமான உடல்தான் நினைவுக்கு வரும். ஆனால், சுமார் இரண்டரை மீட்டர் நீளமே வளரும் திமிங்கலமும் உண்டு. அதுதான் குள்ள எண்ணெய்த் திமிங்கலம். அறிவியல் பெயர் கோகியா சிமா.

உலகம் இந்த இனத்தை அறிந்தது அன்றைய சென்னை மாகாணத்தின் கடற்கரையிலிருந்துதான். 1853-இல் விசாகப்பட்டினத்தில் கிடைத்த ஒன்றை, மாகாண அதிகாரி வால்டர் எலியட் சேகரித்தார். அதை ஆராய்ந்த ரிச்சர்டு ஓவன், 1866-இல் புதிய இனமாக விவரித்தார்.

இன்றும் இதை உயிரோடு பார்ப்பது அரிது. ஆழ்கடல் இருட்டில் ஒலி எழுப்பி, எதிரொலியால் கணவாயைக் கண்டுபிடித்து, வாயால் உறிஞ்சி விழுங்கும். மேலே வந்தாலோ அசையாமல் மிதக்கும். வாலைத் தூக்காமல் அப்படியே அமிழ்ந்துவிடும். கண்ணுக்குப் பின்னால் செவுள் போன்ற வெளிர்கோடு இருப்பதால், சுறா என்று நினைக்கத் தோன்றும். மிரண்டால், குடலோடு சேர்ந்த பையிலிருந்து செம்பழுப்புத் திரவத்தைப் பீய்ச்சும்; தண்ணீர் கலங்கியதும் அந்த மறைவில் தப்பிவிடும்.

இதன் வாழ்க்கையைப் பற்றி நாம் அறிந்தவற்றில் பெரும்பகுதி, கரை ஒதுங்கிய உடல்கள் சொன்னவை. தூத்துக்குடிப் பக்கம் போகும்போது எந்தத் திமிங்கலமாவது கரை ஒதுங்கியிருக்கக் கண்டால், வாலைப் பிடித்து இழுக்காதீர்கள். மூச்சுத் துளையில் மணலோ நீரோ புகவிடாதீர்கள். வனத்துறைக்கு உடனே தகவல் கொடுங்கள். இந்தியச் சட்டப்படி திமிங்கலங்கள் பாதுகாக்கப்பட்ட உயிரினங்கள்.