நிமிடத்துக்கு 1.5 லட்சம் டிக்கெட் சரி, பெர்த் எங்கே?

பொங்கல் ரயில் முன்பதிவு நெருங்க நெருங்க, மதுரை ஆரப்பாளையம் பக்கமிருந்து வரும் கடிதங்களில் ஒரே கேள்விதான். ‘ரயில்வேயின் முன்பதிவுக் கணினி பழசு என்பதால்தான் காலை 8 மணிக்கே டிக்கெட் தீர்ந்துபோகிறதா? புதிது வருகிறதாமே, பொறுத்திருக்கலாமா?’ பொறுக்க வேண்டாம். ஏன் என்று பார்ப்போம்.

பாண்டியன் எக்ஸ்பிரஸில் சென்னையிலிருந்து மதுரைக்கு ஒரே ஒரு பெர்த் மிச்சம். மகனுக்காக மதுரை ஜங்ஷன் கவுன்ட்டரில் நிற்கும் அப்பாவும், தாம்பரத்தில் செல்போனும் கையுமாக இருக்கும் ஒருவரும் அதைக் கேட்கிறார்கள். இருவர் திரையிலும் ‘1 உள்ளது’. எந்தக் கோரிக்கை முந்துகிறதோ, அது அந்த இருப்புக் கணக்கைப் பூட்டிவிடும். பெர்த்தைக் கழித்து, பிஎன்ஆர் எழுதிய பிறகே பூட்டு திறக்கும். பிந்தியவருக்கு வெயிட்டிங் லிஸ்ட். நடுவில் ஏதாவது கோளாறு வந்தால் எழுதியது ரத்தாகி, பெர்த் பழையபடி இருப்பில் நிற்கும். விற்றால் முழுதாக விற்க வேண்டும், இல்லாவிட்டால் விற்கவே இல்லை. அரைகுறைக்கு இடமில்லை.

மெயின்ஃப்ரேம் எனும் பெருங்கணினிகளின் காலம் விட்டுச்சென்ற கெட்டிக்காரத்தனம் இது. 1960களில் அமெரிக்கன் ஏர்லைன்ஸுக்காக ஐபிஎம் உருவாக்கிய ‘சேபர்’ விமான முன்பதிவு முறை இந்தச் சிக்கலோடுதான் மல்லுக்கட்டியது. 1978இல் ஐபிஎம் இந்தியாவைவிட்டு வெளியேற, அதன் கணினிகளைப் பராமரிக்கும் பொறுப்பு அரசின் சிஎம்சி நிறுவனத்துக்கு வந்தது. அதே சிஎம்சிதான் 1985இல் டெல்லியில் ரயில் முன்பதிவைக் கணினிக்கு மாற்றியது. அதற்கு வாங்கிய வாக்ஸ் கணினி, மெயின்ஃப்ரேமுக்குத் தம்பி முறை. 1986இல் அமைந்த ரயில்வேயின் ‘கிரிஸ்’ நிறுவனம் ஃபோர்ட்ரானிலும் சி மொழியிலும் எழுதிய ‘கான்செர்ட்’ மென்பொருள், 1999க்குள் சென்னை, டெல்லி, மும்பை, கொல்கத்தா, செகந்திராபாத் ஆகிய ஐந்து மையங்களையும் இணைத்தது. ஒவ்வொரு ரயிலின் கணக்கும் ஒரு மையத்துக்குச் சொந்தம். உங்கள் பாண்டியன் எக்ஸ்பிரஸ் டிக்கெட்டைப் பாருங்கள்: பிஎன்ஆர் 4 அல்லது 5இல் தொடங்கினால் அது சென்னைக் கணக்கு. டெல்லியில் எடுத்தாலும் அப்படித்தான்.

இனி ரயில்வே சொல்லும் கணக்கு. இப்போது நிமிடத்துக்கு 32,000 டிக்கெட், புதியதில் 1.5 லட்சம் என்றது 2025 ஜூன் அறிவிப்பு. ஆகஸ்டில் நாடாளுமன்றத்தில் சொன்னதோ, இப்போது சுமார் 25,000, புதியது அதைப்போல் நான்கு மடங்கு. அதாவது 1 லட்சம். இரண்டே மாதத்தில் 50,000 எங்கே போனது? எது சரியாக இருந்தாலும், வேகம் கூடுவதால் ரயிலில் ஒரு பெர்த்கூட அதிகமாகாது. இரண்டு நிமிடத்தில் தீர்ந்தது அரை நிமிடத்தில் தீரும்.

மற்றக் கேள்விகள்:

1985இல் வாங்கிய கணினியா இன்னும் ஓடுகிறது? இல்லை, இப்போதுள்ளது 2010இல் நிறுவியது. ஆனால் அதன் இட்டானியம் சிப்பை இன்டெல் 2021இலேயே நிறுத்திவிட்டது. மாற்றித்தான் ஆக வேண்டும்.

இரவு 11.45 முதல் 12.20 வரை முன்பதிவு ஏன் இல்லை? அன்றைய கணக்கை முடிக்க.

ஆதார் கட்டாயமா? இணையத்தில் தட்கலுக்கும், 60 நாள் முன்பதிவு தொடங்கும் முதல் நாளுக்கும் கட்டாயம்.

ஆகவே ஐஆர்சிடிசி கணக்கில் ஆதாரை இன்றே சரிபார்த்துவிடுங்கள். தெற்கு ரயில்வேக்கும் ஒரு வேண்டுகோள்: பொங்கல் சிறப்பு ரயில்களை முன்பதிவு தொடங்கும் முன்பே அறிவியுங்கள். மக்கள் கேட்பது பெர்த்.