முச்சக்கர ரோந்து வண்டியும் அதில் வருபவரின் அதிகாரமும்

முச்சக்கர வண்டி என்றவுடன் நம்மவர் நினைவில் எழுவது வாடகைக்கு ஓடும் ஆட்டோ. ஆயினும் காவற்பணிக்கு அவ்வண்டி புதிதன்று. அமெரிக்காவின் ஹார்லி டேவிட்சன் நிறுவனம் 1932 முதல் 1973 வரை ‘சர்வி-கார்’ என்னும் முச்சக்கர மோட்டார் வண்டியைத் தயாரித்தது. அந்நாட்டு நகரக் காவல்துறைகள் அதனைப் பல பத்தாண்டுகள் பயன்படுத்தின. நிறுத்தப்பட்டுள்ள கார்களின் டயரில் சுண்ணக்கட்டியால் குறியிட்டு, நேரம் கடந்து நிற்பவற்றைக் கண்டறிவது அதில் சென்ற காவலரின் வழக்கமான வேலைகளுள் ஒன்று. இந்நாட்டில் வேல்ஸின் குவென்ட் காவல்துறை, 2022 மார்ச்சில், ஆட்டோ வடிவிலான நான்கு மின்சார வண்டிகளை நியூபோர்ட், அபர்கவெனி ஆகிய நகரங்களுக்கென அறிமுகப்படுத்தியது. பூங்காக்களையும் நடைபாதைகளையும் சுற்றிவருவதும், அச்சமுற்றோர் நெருங்கி வந்து பேசக்கூடிய இடமாக இருப்பதும் அவற்றின் நோக்கம்.

சனிக்கிழமை பிற்பகலில் அப்டன் பார்க் நிலையத்திலிருந்து குயீன்ஸ் மார்க்கெட் வரை கிரீன் ஸ்ட்ரீட்டில் நடந்தவருக்கு இதன் பயன் எளிதில் விளங்கும். கண்ணாடி ஏற்றிய ரோந்துக் கார் அந்நெரிசலில் பேருந்தின் பின்னே நிற்கும். ஒடுக்கமான முச்சக்கர வண்டி குறுகிய இடத்தில் திரும்பும்; பக்கம் திறந்திருப்பதால், வழிபோக்கர் நின்று ஒரு வார்த்தை கேட்கலாம். ஆனால் முன்னே ஒரு சக்கரமும் பின்னே இரண்டும் கொண்ட வண்டி விரைந்து திரும்பினால் கவிழ்வது எளிது. ரிலையன்ட் ராபின் காரை நினைவில் வைத்திருக்கும் மூத்தோருக்கு இதனை விளக்க வேண்டியதில்லை. எனவே துரத்திப் பிடிப்பதற்கு இது உதவாது. நியூயார்க் காவல்துறையும் தன் முச்சக்கர ஸ்கூட்டர்களுக்குப் பதிலாக நான்கு சக்கரச் சிறு கார்களை வாங்கத் தொடங்கியது.

வண்டி எதுவாயினும், அதில் இருப்பவருக்கு வண்டி அதிகாரம் தருவதில்லை, சட்டமே தருகிறது. 2016 வரை போலின் மைதானத்தில் ஆட்டம் நடக்கும் நாள்களில் குதிரைமேல் வந்த காவலருக்கும், நடந்து வந்த காவலருக்கும் ஒரே அதிகாரமே இருந்தது. மாறாக, ரோந்து என்று எழுதிய வண்டியில் சீருடையுடன் வருபவர் காவலராக இல்லாமலும் இருக்கலாம். இவ்வேறுபாட்டை அறியாமையால் நம்மவர் இருவகையில் இழப்புறுகின்றனர்: கொடுக்கத் தேவையற்றதைக் கொடுத்துவிடுகின்றனர், கேட்க வேண்டிய உதவியைக் கேளாது விடுகின்றனர்.

காவல் அதிகாரி ஒருவர் 1984ஆம் ஆண்டின் காவல்துறை மற்றும் குற்றச் சான்றுகள் சட்டத்தின்கீழ் உங்களைச் சோதனையிட, நியாயமான சந்தேகத்திற்குக் காரணம் இருக்க வேண்டும். (கடும் வன்முறை அஞ்சப்படும் பகுதியில், 1994ஆம் ஆண்டுச் சட்டத்தின் 60ஆம் பிரிவின்கீழ், அத்தகைய சந்தேகமின்றியும் சோதனையிடலாம்.) தம் பெயர், நிலையம், எச்சட்டத்தின்கீழ் சோதனை, எதைத் தேடுகிறார், ஏன் என்பவற்றை அவர் கூறுதல் வேண்டும். பொது இடத்தில் மேலங்கி, ஜாக்கெட், கையுறை ஆகியவற்றுக்கு மேல் களையச் சொல்ல அவருக்கு அதிகாரமில்லை. சோதனைக்காக மட்டும் நிறுத்தப்பட்டவர் பெயரும் முகவரியும் கூறியே ஆக வேண்டும் என்பதில்லை. பதிவின் நகலை மூன்று மாதத்திற்குள் கேட்டுப் பெறலாம்.

சமூக ஆதரவு அலுவலரின் சீருடை காவலர் சீருடையை ஒத்திருப்பினும், காவலருக்குரிய கைது அதிகாரம் அவருக்கில்லை. 2002ஆம் ஆண்டின் காவல்துறைச் சீர்திருத்தச் சட்டத்தின்கீழ் அவ்வதிகாரம் அளிக்கப்பட்டவர், சில சூழல்களில், காவலர் வரும்வரை 30 நிமிடங்கள் வரை உங்களை இருத்திவைக்கலாம். இவ்விடத்தில் மொழிபெயர்ப்பாளன் என்ற முறையில் ஒரு சொல்: இருத்திவைத்தல் வேறு, கைது வேறு. ‘பிடித்துவிட்டார்கள்’ என்று வீட்டுக்குத் தொலைபேசியில் சொல்லும் பிள்ளைக்கு எது நிகழ்ந்தது என்பதை முதலில் கேட்டறியுங்கள்.

நகரசபையின் அமலாக்க அலுவலர் குப்பை போட்டமைக்கு அபராத அறிவிப்பு வழங்கலாம். அவர் பெயரும் முகவரியும் கேட்டால் மறுப்பதும் பொய்யுரைப்பதும் குற்றமாகும்; மேலே சொன்ன காவலர் சோதனைக்கு இது நேர்மாறு என்பதைக் கவனிக்கவும். ஆனால் அவ்விடத்திலேயே பணத்தை எண்ணிக் கொடுக்க வேண்டியதில்லை. செலுத்த 14 நாள் அவகாசம் உண்டு.

கடைகளும் அடுக்குமாடிக் குடியிருப்புகளும் ஒப்பந்தத்தில் அமர்த்தும் தனியார் காவலர், பாதுகாப்புத் தொழில் ஆணையத்தின் உரிமத்தைப் பிறர் காணும்படி அணிந்திருக்க வேண்டும். அவருக்குள்ளது எந்தக் குடிமகனுக்கும் உள்ள வரையறுக்கப்பட்ட கைது அதிகாரமே. உங்கள் சம்மதமின்றி அவர் உங்கள் பையைச் சோதிக்க முடியாது. சம்மதியாதவரை உள்ளே விடாதிருக்கலாம்.

நகைக்கடைகள் நிறைந்த வீதியில் ஓர் எச்சரிக்கை இன்றியமையாதது. ‘கள்ளநோட்டா என்று பார்க்க வேண்டும்’ என்றோ, ‘நகையைப் பத்திரமாக வைத்துத் தருகிறோம்’ என்றோ கூறி எவரேனும் பணத்தையோ தாலிக்கொடியையோ கேட்டால், அவர் எந்த வண்டியில் வந்திருந்தாலும் கொடாதீர். சாதாரண உடையில் இருக்கும் காவலர் தம் அடையாள அட்டையைக் காட்டக் கடமைப்பட்டவர். ஐயமிருப்பின் 101 எண்ணை அழைத்து அவரது பெயரையும் எண்ணையும் சரிபார்க்கலாம். உண்மையான காவலர் அதுவரை காத்திருப்பார். ஏமாற்றும் நோக்குடன் காவலராக நடிப்பது 1996ஆம் ஆண்டின் காவல்துறைச் சட்டத்தின் 90ஆம் பிரிவின்படி குற்றம்.

உடனடி ஆபத்தெனில் 999. ஆங்கிலம் வராதெனில் ‘தமிழ்’ என்ற ஒரு சொல்லைச் சொல்லி இணைப்பில் இருங்கள். மொழிபெயர்ப்பாளரைக் கேட்பதற்கு அதுவே போதும்.